ஒரு வீட்டுக்கு இரண்டு பேட்டை

சில வருஷங்களுக்கு முன்பு எங்கள் டீமுக்கு ஒரு வேலை வந்தது. சியோல் நகரத்து விலாசங்களை எல்லாம் சுத்தம் செய்து டேட்டாபேஸில் ஏற்ற வேண்டும். கேட்கவே தூக்கம் வருகிற வேலை. ஆனால் முதல் நாளே ஒரு சங்கதி கண்ணில் பட்டது. ஒவ்வொரு வீட்டுக்கும் பத்து இலக்கத்தில் பேட்டைக் குறியீடு ஒன்று இருக்கிறது. பக்கத்துப் பத்தியிலேயே இன்னொரு பத்து இலக்கக் குறியீடு, வேறு பேட்டை பெயரோடு. இரண்டுமே அரசாங்கம் கொடுத்தது. இரண்டுமே சரி. ஒரே வீடு எப்படி ஒரே நேரத்தில் இரண்டு பேட்டையில் இருக்கும்? அந்தக் கேள்வியில் ஆரம்பித்துத் தோண்டத் தோண்ட வந்ததுதான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம், பொறுத்தருள்க :-)

கொரிய நகரங்களில் பேட்டைக்குப் பெயர் தோங். ஆங்கிலப் பலகைகளைப் பார்த்து 'டாங்', 'டோங்' என்றெல்லாம் சொல்கிறார்கள். நமக்கு அந்தச் சிரமமே வேண்டாம். சொல்லின் தொடக்கத்தில் வல்லினமாகவும் நடுவில் மெலிந்தும் ஒலிக்கிற நம்முடைய 'த' மாதிரியேதான் அவர்கள் எழுத்தும் நடந்துகொள்கிறது. நகரம், அதற்குள் 'கூ' என்கிற மாவட்டம், அதற்குள் தோங். சியோலில் 25 கூ. இந்தச் சொல்லை எழுதப் பயன்படும் சீன எழுத்தில் ஒரு பாதி தண்ணீர், மறு பாதி 'ஒன்றான' என்ற பொருள். அதனால் ஒரே தண்ணீரைக் குடிக்கிறவர்கள் என்று அந்த ஊர்க்காரர்கள் விளக்கம் சொல்வதுண்டு. சீனத்தில் அந்த எழுத்துக்குக் குகை என்றுதான் பொருள். மலையிடுக்குகளில் வீடு கட்டி வாழ்ந்த ஜனங்கள் குகைக்கான எழுத்தைப் பள்ளத்தாக்குக்கு வைத்து, பிறகு அங்கே இருக்கிற குடியிருப்புக்கே வைத்துவிட்டார்கள். ஒரே தண்ணீர்க் கதையை மொழிநூல்காரர்கள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். எனக்கென்னவோ பிடித்திருக்கிறது.

இப்போது இரட்டைக் குறியீட்டுக்கு வருவோம். ஒன்று சட்டத் தோங், இன்னொன்று நிர்வாகத் தோங். நிலப் பதிவு, பத்திரம், சொத்து எல்லாம் சட்டத் தோங் பெயரில். ஆபீஸ், சான்றிதழ், உதவித்தொகை எல்லாம் நிர்வாகத் தோங் பெயரில். சியோலில் சட்டத் தோங்கள் 467. நிர்வாகத் தோங்கள் சுமார் 425. நெருக்கமான எண்கள்தானே, கிட்டத்தட்ட ஒன்றுக்கு ஒன்று பொருந்திவிடும் என்று தோன்றும். பொருந்தவே பொருந்தாது. பழைய அரண்மனைகள் இருக்கிற சோங்னோ கூவில் 87 சட்டத் தோங்கள், அவற்றுக்கு 17 ஆபீஸ்கள். அதாவது நாலைந்து பழைய பேட்டைகளுக்கு ஒரே ஆபீஸ். ஆற்றுக்குத் தெற்கே பணக்காரப் பகுதியான கங்னம் கூவில் நேர்மாறு. சட்டத் தோங்கள் 14, ஆபீஸ்கள் 22. அங்கே ஒரு பேட்டையை வெட்டி யோக்சம் 1, யோக்சம் 2 என்று எண் போட்டிருக்கிறார்கள்.

இந்த இரண்டு எண்ணிக்கைகளிலேயே நகரத்தின் வரலாறு இருக்கிறது. வடக்கே அறுநூறு வருஷத்துச் சந்துகள், ஒவ்வொரு சந்துக்கும் ஒரு பெயர். தெற்கே 1963 வரைக்கும் சியோலிலேயே சேராத வயல்காடு. கங்னம் என்று ஒரு கூ உண்டானதே 1975இல்தான்.

சோசன் அரச வம்சம் 1394இல் தலைநகரை இங்கே மாற்றியது. இரண்டு வருஷத்தில், 1396இல், நகரத்தை ஐந்து 'பூ' ஆகவும், அவற்றை 52 'பாங்' ஆகவும் பிரித்தார்கள். தோங் அப்போது அதற்கும் கீழே, பேச்சு வழக்கில் இருந்த சின்னப் பெயர். ஆனால் ராஜாங்கத்துக்கு நிஜமாகவே வேண்டியிருந்தது பேட்டையின் பெயர் இல்லை, ஆட்களின் கணக்கு. அதற்காக 1485இல் நடைமுறைக்கு வந்த பெரிய சட்டத் தொகுப்பில் ஐந்து வீட்டு முறை ஒன்றை எழுதி வைத்தார்கள். அடுத்தடுத்து இருக்கிற ஐந்து வீடு ஒரு கட்டு. வரி, கட்டாய உழைப்பு, ஊரை விட்டு ஓடிப்போனவன், ஒளிந்திருக்கிறவன் எல்லாவற்றுக்கும் அந்தக் கட்டு பதில் சொல்ல வேண்டும். காகிதத்தில் தூங்கிக்கொண்டிருந்த அதை 1675இல் தூசி தட்டி மறுபடி கடுமையாக்கினார்கள். 1801இல் கத்தோலிக்கர்களைத் தேடித் தேடிப் பிடித்தபோது இந்த ஐந்து வீட்டு முறைதான் வலையானது. பக்கத்து வீட்டுக்காரன் ஜெபம் சொல்வது தெரிந்தும் சொல்லவில்லை என்றால் உனக்கும் ஆபத்து. அக்கம்பக்கம் என்பது ஆதரவு மட்டும் இல்லை, ஆளுக்கு ஆள் வைத்த காவலும்தான் என்பதற்கு அந்த ஊரில் இத்தனை வயதாகிறது.

1910இல் ஜப்பான் நாட்டை விழுங்கியது. 1914இல் நகரத்தின் பழைய எல்லைகளைக் கலைத்துப் புதிதாக வரைந்தார்கள். இன்றைக்குச் சுற்றுலாப் பயணிகள் தேடிப்போய் டீ குடிக்கிற இன்சாதோங், அந்த வருஷம் ஜப்பானிய அதிகாரிகள் ஒட்டுப்போட்டு உண்டாக்கிய பெயர். குவானின்பாங் என்ற பகுதியிலிருந்து 'இன்', தேசாதோங் என்ற பகுதியிலிருந்து 'சா'. அதேபோல ஒக்ரியுதோங்கும் இன்வாங்தோங்கும் சேர்ந்து ஒகின்தோங். பழமை என்று நினைத்துப் போட்டோ எடுக்கிற பெயர்களில் பல, காலனி அரசின் குமாஸ்தா மேஜையில் பிறந்தவை. இது தெரிந்த பிறகும் இன்சாதோங்கின் அழகு குறையவில்லை என்பது வேறு விஷயம்.

அதைவிட முக்கியமானது இன்னொன்று. நகரத்தின் நடுவே சங்யேச்சன் ஓடை ஓடுகிறது. அதற்கு வடக்கே கொரியர்கள், தெற்கே ஜப்பானியக் குடியேறிகள். 1914இன் பட்டியலில் கொரியர் பகுதிகளுக்குத் தோங் என்ற பின்னொட்டு. ஜப்பானியர் பகுதிகளுக்கு அவர்கள் ஊரில் வழங்குகிற 'மச்சி'. ஒருவன் தன் விலாசத்தைச் சொன்ன உடனே அவன் எந்த இனம் என்பது பெரும்பாலும் தெரிந்துவிடும். 1936இல் நகர எல்லையை விரித்தபோது தோங் என்ற சொல்லையே எடுத்துவிட்டு எல்லாவற்றையும் மச்சி ஆக்கினார்கள். சமத்துவம் வந்துவிட்டது என்று சந்தோஷப்படுவதற்கு இல்லை. பாகுபாட்டுக்கு அடையாளமாக இருந்த சொல்லும் போயிற்று, சொந்தச் சொல்லும் போயிற்று.

1938இல் தேசபக்திக் குழுக்கள் வந்தன. ஏறக்குறைய பத்து வீட்டுக்கு ஒரு குழு. கொரிய மொழியில் 'எகுக் பான்'. 'பான்' என்றால் குழு. ஜப்பானுக்குச் சீனாவோடு போர் மூண்டிருந்த நேரம். தோக்கியோ அரண்மனை இருக்கிற திசை நோக்கி வணங்குவது, ஷின்தோ கோயிலுக்குப் போவது, சேமிப்பு என்ற பெயரில் பணம் கட்டுவது, பித்தளைப் பாத்திரத்தைப் போருக்குக் கொடுப்பது எல்லாம் இந்தக் குழு வழியாக. போர் முற்றி ரேஷன் வந்தபோது பிடி இறுகியது. அரிசி குழு வழியாகத்தான் வரும். வணங்கப் போகாத வீட்டுக்கு அரிசி எப்படி வரும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. பழைய ஐந்து வீட்டு முறையில் பயம் மட்டும்தான் இருந்தது. இதில் பயத்தோடு சோறும் சேர்ந்தது. பேட்டை அமைப்பு இன்றைக்கு வரைக்கும் எப்படி வேலை செய்கிறது என்பதற்கான சூத்திரம் இந்த இடத்தில் உருவானது என்பது என் எண்ணம். கண்காணிக்கிற கையும் கொடுக்கிற கையும் ஒன்றாகிப் போனது இங்கேதான்.

1945இல் விடுதலை. அடுத்த வருஷமே பெயர்களைத் துடைக்க ஆரம்பித்தார்கள். மச்சிகள் மறுபடி தோங் ஆயின. ஜப்பானியர்களின் கடைத்தெருவான ஹொன்மச்சிக்கு, ஜப்பானியக் கப்பல்படையைத் தோற்கடித்த தளபதி யி சுன்சினின் பட்டப்பெயரிலிருந்து சுங்முரோ என்று பெயர். கோகனேமச்சி, பழங்காலத் தளபதி உல்ச்சி முந்தோக்கின் பெயரில் உல்ச்சிரோ ஆனது. தாகேசோயே என்ற ஜப்பானியத் தூதரின் பெயர் இருந்த இடத்தில், 1905 ஒப்பந்தத்தை எதிர்த்து உயிரை விட்ட மின் யோங்வானின் கௌரவப் பெயரை வைத்தார்கள். அது சுங்ஜோங்னோ. மெய்ஜி சக்ரவர்த்தி பெயரில் இருந்த மச்சி, மியோங்தோங் ஆனது. பழிவாங்கலில் இவ்வளவு நறுக்கான பழிவாங்கலை நான் வேறெங்கும் படித்ததில்லை.

ஆனால் பெயர்தான் மாறியது. ஜப்பானியர் 1910 முதல் 1918 வரை நடத்திய நில அளவையில் ஒவ்வொரு மனைக்கும் போட்ட எண் அப்படியே தங்கிவிட்டது. பத்து வீட்டுக் குழுக்களும் வேறு வேறு பெயரில் தங்கின. வடக்கில் இன்னும் கடுமையாக. வட கொரியாவில் இருபது முப்பது வீட்டுக்கு ஒரு 'இன்மின்பான்', அதற்கு ஒரு தலைவி. யார் வீட்டில் யார் ராத்திரி தங்குகிறார்கள் என்பது அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். எல்லைக்கோட்டின் இரண்டு பக்கமும் ஒரே வேரிலிருந்து முளைத்தவை.

தெற்கில், சியோலில் 1955இல் நிர்வாகத் தோங் என்ற ஏற்பாடு வந்தது. காரணம் சிம்பிள். 1945இல் சுமார் 9 லட்சம் பேர் இருந்த நகரம், 1960இல் 24 லட்சம், 1970இல் 55 லட்சம், 1988இல் ஒரு கோடி. பழைய சட்டத் தோங் எல்லையைத் தொட்டால் பத்திரங்கள் எல்லாம் குழம்பிவிடும். அதனால் அதைத் தொடாமல், அதற்கு மேலே ஒரு டிரேசிங் பேப்பர் வைத்து ஆபீஸ் எல்லைகளைத் தனியாக வரைந்துகொண்டார்கள். ஜனம் கூடினால் பிரிப்பது, குறைந்தால் சேர்ப்பது. என் டேட்டாபேஸின் இரட்டைக் குறியீடு பிறந்த கதை இதுதான்.

1968 ஜனவரி 21. வட கொரியாவிலிருந்து 31 கமாண்டோக்கள் மலை வழியாக நடந்து, அதிபர் மாளிகைக்குச் சில நூறு மீட்டர் தூரம் வரைக்கும் வந்துவிட்டார்கள். அதிபர் பாக் சோங் ஹீயைக் கொல்ல வந்தவர்கள். நம்மோடு நடமாடுகிறவன் யார் என்று எப்படித் தெரிந்துகொள்வது என்ற பீதி நாட்டைப் பிடித்தது. அந்த வருஷம் நவம்பரில் எல்லாருக்கும் அடையாள எண், அட்டை. முதல் எண் அதிபருக்கே: 110101-100001. முதல் இரண்டு இலக்கம் 11, சியோல். அடுத்த 01, சோங்னோ கூ. அதற்கடுத்த 01, அவருடைய தோங். ஒரு மனிதனின் எண்ணிலேயே அவன் பேட்டையைத் தைத்துவிட்டார்கள். 1975இல் எண் 13 இலக்கமாகி, பிறந்த தேதி முன்னுக்கு வந்தது. பேட்டை பின்பாதிக்குப் போனதே தவிர மறையவில்லை.

இதன் பலனை வாழ்நாள் முழுக்கச் சுமந்தவர்கள் உண்டு. எண்ணைப் பார்த்தே ஒருவர் எந்தப் பகுதியில் பதிவானவர் என்று சொல்லிவிடலாம். தென்மேற்கே சொல்லா பகுதிக்காரர்கள் மேல் அங்கே பழைய வெறுப்பு ஒன்று இருக்கிறது. எண்ணில் அந்த ஊர்க் குறியீடு உள்ளவர்கள் வேலை கேட்டு வரவேண்டாம் என்று ஒரு கடைக்காரர் விளம்பரம் கொடுத்து 2018இல் செய்தியானது. இன்னும் மோசம் வட கொரியாவிலிருந்து தப்பி வந்தவர்கள் கதை. அவர்களை முதலில் தங்க வைத்துப் பயிற்சி கொடுக்கிற முகாம் அன்சோங் என்ற ஊரில். எண்ணும் அந்த ஊர்க் குறியீட்டோடு கொடுத்தார்கள். பின்பாதி ஆணுக்கு 125, பெண்ணுக்கு 225 என்று ஆரம்பிக்கும். உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு சீனா வழியாகத் தப்பி வந்தவரின் எண்ணிலேயே 'நான் வடக்கிலிருந்து ஓடி வந்தவன்' என்று முத்திரை. சீனாவுக்கு விசா கேட்டால் எண்ணைப் பார்த்தே மறுத்துவிடுவார்கள். தற்செயலாக அதே குறியீடு விழுந்த உள்ளூர்க்காரர்களுக்கும் அதே கதி. 2009இல்தான் ஒருமுறை எண்ணை மாற்றிக்கொள்ளச் சட்டம் வழி செய்தது. 2020 அக்டோபரிலிருந்து புதிதாகக் கொடுக்கிற எண்களில் ஊர்க் குறியீடே இல்லை. ஆக, ஒருவன் எண்ணிலிருந்து அவன் பேட்டையை எடுக்க 52 வருஷம் ஆயிற்று.

தோங்குக்குக் கீழேயும் இரண்டு படி உண்டு. தோங்குக்குள் 'டோங்' (இது வேறு சொல், மூச்சுக் காற்றோடு சொல்ல வேண்டும்), அதற்குள் 'பான்'. ஆமாம், 1938இன் அதே பான். 1976இல் மாதாந்திர பான் கூட்டத்தை நாடு முழுக்கக் கொண்டுவந்தார்கள். மாதம் ஒரு நாள் சாயங்காலம் வீட்டுக்கு ஒருவர் கூட வேண்டும். அரசாங்கம் அச்சடித்து அனுப்பிய துண்டறிக்கையைப் படிக்க வேண்டும். உளவாளி யாராவது கண்ணில் பட்டால் எப்படிப் புகார் சொல்வது என்பதிலிருந்து எலி ஒழிப்பு வரைக்கும் அதில் இருக்கும். கூட்டம் முடிந்து பெண்கள் பழம் நறுக்கிச் சாப்பிட்டுக்கொண்டு ஊர்வம்பு பேசுவார்கள். அந்த இரண்டாவது பாதிதான் நிறையப் பேருக்கு ஞாபகம் இருக்கிறது. ராணுவ ஆட்சி போன பிறகு கட்டாயம் தளர்ந்து, கூட்டங்களும் தேய்ந்துவிட்டன.

டோங் தலைவர் மட்டும் இன்னும் இருக்கிறார். அவர் அரசு ஊழியரும் இல்லை, தேர்தலில் வென்றவரும் இல்லை. பெரும்பாலும் நடுத்தர வயது கடந்த பெண்மணி. சிவில் பாதுகாப்புப் பயிற்சி நோட்டீஸைக் கொண்டுபோய்க் கொடுப்பது, வருஷத்துக்கு ஒருமுறை பதிவில் இருக்கிற ஆள் நிஜமாகவே அந்த வீட்டில் இருக்கிறாரா என்று கதவைத் தட்டிப் பார்ப்பது அவர் வேலை. ரொம்ப நாளாக மாதம் 2 லட்சம் வொன் என்று இருந்த படி, 2020இல் 3 லட்சமாக உயர்ந்தது. அந்த ஊர் விலைவாசிக்கு அது கைச்செலவுப் பணம்.

தோங் ஆபீஸ் ஜனங்களுக்கு வெறும் தொல்லை என்று எழுதினால் அது நியாயம் இல்லை. வீடு மாறினால் 14 நாளுக்குள் புதுத் தோங்கில் போய்ப் பதிய வேண்டும். வாடகைக்காரர்கள் இதை ஓடோடிப்போய்ச் செய்வார்கள். காரணம் 'சொன்சே'. நம் ஊர்ப்பக்கம் ஒத்திக்கு வீடு பிடிப்போமே, கிட்டத்தட்ட அதே. பெரிய தொகையை மொத்தமாக வீட்டுக்காரரிடம் கொடுத்துவிட்டு வாடகை இல்லாமல் இருந்து, காலி செய்யும்போது முழுப்பணத்தையும் திரும்ப வாங்கிக்கொள்வது. வீட்டுக்காரர் கடனில் மூழ்கி வீடு ஏலத்துக்குப் போனால்? தோங் ஆபீஸில் குடிவந்ததைப் பதிந்து, ஒப்பந்தத்தில் தேதி முத்திரை வாங்கியிருந்தால் வரிசையில் நமக்கு ஒரு இடம் உண்டு. 1981இல் வந்த குத்தகைச் சட்டத்தின் தயவு. ஆயுள் சேமிப்பையே காப்பாற்றுகிற முத்திரை அது. ஆனால் பதிவு செய்த மறுநாள் நள்ளிரவிலிருந்துதான் அந்தப் பாதுகாப்பு. பதிந்த அன்றைக்கே வீட்டுக்காரர் வீட்டை அடகு வைத்துவிட்டால் வங்கி முந்திக்கொள்ளும். 2022, 2023இல் வெடித்த சொன்சே மோசடிகளில் அந்த ஒரு ராத்திரி இடைவெளியும் ஏமாற்றுக்காரர்களுக்கு உதவியது.

பேட்டைப் பெயருக்காக நடந்த சண்டை ஒன்றைச் சொல்லாமல் விடக்கூடாது. தெற்கு சியோலில் குவனாக் கூ. சட்டத் தோங்கள் மூன்றே மூன்று. அவற்றில் பெரியவை போங்சோன், சில்லிம். 1960களில் நகர நடுவிலிருந்து குடிசைகளை அகற்றியபோது ஜனங்களைக் கொண்டுவந்து கொட்டிய மலைச்சரிவுகள் இவை. நிலாவுக்குப் பக்கத்தில் இருப்பதால் இப்படிப்பட்ட மேட்டுக் குடிசைப் பகுதிகளுக்கு 'தல்தோங்னே', நிலாப் பேட்டை என்று பெயர். கேட்க அழகாக இருக்கிறது. குளிர்காலத்தில் பனி உறைந்த படிக்கட்டில் நிலக்கரிக் கட்டியைச் சுமந்து ஏறியவர்களுக்கு எப்படி இருந்திருக்குமோ. போங்சோன், சில்லிம் என்றாலே ஏழைப் பேட்டை என்று பெயர் ஒட்டிக்கொண்டது. குடிசைகள் போய் அடுக்குமாடிகள் வந்த பிறகும் பெயர் போகவில்லை. சில்லிம் 1 முதல் 13 வரை எண் வரிசை வேறு.

2008 செப்டம்பரில் குவனாக் கூ தன் 27 நிர்வாகத் தோங்களை 21 ஆக்கி, அந்த எண் போட்ட பெயர்களையும் மொத்தமாகத் தலைமுழுகியது. புதுப் பெயர்களில் இரண்டு சின்சாதோங், சம்சோங்தோங். எழுத்துக்கு எழுத்து கங்னத்தின் பணக்காரப் பேட்டைகளின் பெயர்! கங்னம் கூ கொதித்துப்போய் அரசியல் சாசன நீதிமன்றத்துக்கே போய்விட்டது. பேட்டைப் பெயர் தங்கள் உரிமை, மற்றவர்கள் வைத்தால் குழப்பம் வரும் என்று வாதம். (வேடிக்கை என்னவென்றால் வடக்கே உன்ப்யோங் கூவிலும் ஏற்கெனவே ஒரு சின்சாதோங் இருக்கிறது. அதைப் பற்றி யாரும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.) 2009 நவம்பரில் நீதிமன்றம் கங்னத்தின் மனுவைத் தள்ளிவிட்டது. பெயருக்கு யாரும் தனி உரிமை கொண்டாட முடியாது.

ஜெயித்தாயிற்று. ஆனால் மாறியது நிர்வாகத் தோங் பெயர் மட்டும். பத்திரத்தில் சட்டத் தோங் இன்னும் போங்சோன், சில்லிம்தான். ரயில் நிலையங்களின் பெயரும் அதேதான். ஆபீஸ் பலகையில் சம்சோங், வீட்டுப் பத்திரத்தில் சில்லிம். இரட்டைக் குறியீட்டின் இன்னொரு முகம். இதில் நான் குவனாக் கட்சி. நாற்பது வருஷம் பெயருக்காக அவமானப்பட்டவன், பணக்காரன் பெயரை எடுத்து வைத்துக்கொண்டால் என்ன குடி முழுகிவிடும்?

2014 ஜனவரி 1 முதல் அரசு விலாசங்களில் தோங்கும் மனை எண்ணும் போய், தெருப் பெயரும் கட்டட எண்ணும் வந்துவிட்டன. நியாயமான காரணம்தான். பழைய மனை எண்கள் வரிசையாக இருக்காது, 12க்குப் பக்கத்தில் 87 இருக்கும். தபால்காரரைத் தவிர யாருக்கும் புரியாது. ஆனாலும் புது விலாசத்தின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் தோங் பெயரை எழுதிக்கொண்டுதான் இருக்கிறார்கள். அது இல்லாமல் எந்தப் பக்கம் என்றே யாருக்கும் மனசில் படம் வராது. செக்டர் 50, செக்டர் 62 என்று நம்பரில் குடியிருக்கிற நொய்டாவாசியான எனக்கு இது நன்றாகவே புரிகிறது.

நொய்டா என்றதும் இன்னொன்று. இங்கே நகராட்சியும் இல்லை, கவுன்சிலரும் இல்லை, எல்லாம் அதாரிட்டிதான். யமுனைக்கு அந்தப் பக்கம் டெல்லியில் 250 வார்டுகள், வார்டுக்கு ஒரு கவுன்சிலர். தோங் இது இரண்டும் இல்லை. ஆபீஸ் உண்டு, தேர்தல் கிடையாது. தோங் தலைவர் அரசு ஊழியர். மேலே இருக்கிற கூவுக்கு மன்றம் 1991இலும், தேர்ந்தெடுத்த தலைவர் 1995இலும் வந்தார்கள். 1961 ராணுவப் புரட்சியிலிருந்து அதுவரை உள்ளாட்சித் தேர்தலே இல்லை. தோங் அளவில் குடியிருப்போர் குழுக்கள் பிறகு வந்தன, அதிகாரம் சொற்பம். ஆனால் சராசரியாக 22,000 பேருக்கு ஒரு ஆபீஸ், நடந்து போகிற தூரத்தில், உள்ளே போனால் பத்து நிமிஷத்தில் சான்றிதழ். என் நொய்டாவில் இந்த இரண்டில் எதுவுமே கிடையாது என்பதால் எது மேல் என்று தீர்ப்புச் சொல்ல எனக்குத் தகுதி இல்லை.

2014 பிப்ரவரியில் சோங்பா கூவில் ஒரு அரைத்தளத்து அறையில் அம்மாவும் இரண்டு மகள்களும் உயிரை மாய்த்துக்கொண்டார்கள். ஓட்டல் வேலை பார்த்த அம்மாவுக்குக் கை முறிந்து வருமானம் நின்றிருந்தது. வீட்டுக்காரருக்கு ஒரு கவரில் 7 லட்சம் வொன் வைத்து, கடைசி வாடகையும் கரண்ட் பில்லும் என்று எழுதி, மன்னிப்பும் கேட்டிருந்தார்கள். அரசாங்க உதவிப் பட்டியலில் அவர்கள் பெயர் இல்லை. பேட்டையில் யாருக்கும் தெரியாது. உளவாளியைக் கண்டுபிடிக்கத் தெரிந்த அமைப்புக்குப் பசித்தவர்களைக் கண்டுபிடிக்கத் தெரியவில்லை என்று நாடே குமுறியது. 2015 ஜூலையில் சியோல், 13 கூக்களில் 80 தோங்களில் புது ஏற்பாடு ஆரம்பித்தது. ஜனங்கள் ஆபீஸுக்கு வரக் காத்திருக்காமல் ஊழியர்கள் வீடு தேடிப் போவது. தோங் ஆபீஸுக்கு 2007இல் 'குடியிருப்போர் சென்டர்' என்று ஆங்கிலச் சொல் கலந்து பெயர் மாற்றியபோது மொழிப்பற்றாளர்கள் திட்டினார்கள். 2016 முதல் அந்தப் பலகைகளில் 'நிர்வாக நல' என்று நலம் என்ற சொல்லும் சேர்ந்தது.

2022 ஆகஸ்டில் சுவோன் நகரத்தில் மறுபடியும் ஒரு அம்மா, இரண்டு மகள்கள். மூவருக்கும் தீராத நோய், மேலே கடன். மருத்துவக் காப்பீட்டுப் பணம் ஒரு வருஷத்துக்கு மேல் கட்டாததைப் பார்த்து எச்சரிக்கை ஒலித்தது. ஊழியர்கள் வீடு தேடியும் போனார்கள். ஆனால் அவர்கள் பதிவு இருந்தது பக்கத்து ஊரான ஹ்வாசோங்கில், தெரிந்தவர் வீட்டு விலாசத்தில். அங்கே போய்ப் பார்த்தால் அப்படி யாரும் குடியில்லை. விஷயம் அத்தோடு நின்றது. ஏன் பதியவில்லை? கடன் கொடுத்தவர் கேட்டால், கடனாளியின் பதிவு விலாசத்தை அந்த ஆபீஸே எடுத்துக் கொடுக்கும். சட்டமே அப்படி. கடன்காரனிடமிருந்து ஒளிய வேண்டும் என்றால் தோங்கிடமிருந்து ஒளிய வேண்டும். தோங்கிடமிருந்து ஒளிந்தால் சோறு கொடுக்க வருகிறவருக்கும் விலாசம் கிடைக்காது. எகுக் பான் காலத்தில் ஒட்டிக்கொண்ட அந்த இரண்டு கைகளையும் யாரும் இன்னும் பிரிக்கவில்லை.

அதன்பிறகு எச்சரிக்கைக்கான அளவுகோல்களைக் கூட்டினார்கள். பில் பாக்கி, கரண்ட் துண்டிப்பு என்று 34 வகையாக இருந்த தகவல்கள் 44 ஆயின. கம்ப்யூட்டர் சல்லடை போட்டு, சந்தேகப்பட்டவர் பட்டியலைத் தோங்குக்கு அனுப்பும். கதவைத் தட்டுவது என்னவோ ஆள்தான். டோங் தலைவி, தோங் ஊழியர், பல இடங்களில் தினமும் தயிர்ப் பானம் கொண்டுவந்து கொடுக்கிற பெண்கள். தனியாக இருக்கிற முதியவர் வீட்டுக்கு அந்தப் பாட்டிலுக்கான காசை உள்ளாட்சி கட்டிவிடும். கதவுப் பையில் நேற்றைய பாட்டிலும் முந்தாநாள் பாட்டிலும் எடுக்காமல் அப்படியே இருந்தால், அந்தப் பெண்மணி தோங் ஆபீஸுக்கு ஒரு போன் போடுவார்.